ஒரு பனை உயரத்தில்

இது நடந்து மூன்று வருடம் ஆகிறது. ஆவணி மாதம். சிறுபோக நெல் முற்றிக்கொண்டிருந்த நேரம், கச்சான் காற்று முகத்தில் மண்ணை வாரி இறைக்கிற நாட்கள். இடம், தம்பலகாமத்தில் கண்டி வீதியை விட்டு உள்ளே இறங்கினால் வரும் ஒரு குளத்தடி. ஆட்களின் பெயரை எழுதப் போவதில்லை. எழுதினால் அக்கா என்னை உரித்து உப்புப் போட்டுவிடுவார். எந்த அக்கா என்பது கொஞ்சத்தில் தெரியும்.

முதலில் என் தொழிலைச் சொல்லிவிடுகிறேன். கடலையும் காட்டையும் அங்கே இருக்கிற உயிர்களையும் படம் பிடிக்கிறவள் நான். வனவிலங்கு ஆவணப்பட ஒளிப்பதிவாளர் என்று விசிட்டிங் கார்டில் அச்சடித்து வைத்திருக்கிறேன். லிங்கநகரில் எங்கள் ஒழுங்கையில் ஒருவரும் அதை இன்னும் நம்பவில்லை. "கலியாண வீடியோ எடுத்த பெட்டை, இப்ப யானைக்குப் பின்னால திரியுது" என்பதுதான் அங்கே என் வரலாறு. அதில் பொய்யும் இல்லை. நான் தொடங்கியதே கலியாண வீட்டிலும் சாமத்திய வீட்டிலும்தான். தாலி கட்டுகிற கணம் ஒரு தடவைதான் வரும். தவறவிட்டால் மாப்பிள்ளையை இன்னொரு தடவை கட்டச் சொல்ல முடியாது. அந்தக் கணத்துக்காகக் கண்ணை எடுக்காமல் நிற்கப் பழகியது அங்கேதான். பிறகு சேர்த்த காசில் ஒரு நல்ல லென்ஸ் வாங்கி, கிண்ணியா மீனவர்களின் வள்ளத்தில் தொற்றிக்கொண்டு போய் டொல்பின் எடுத்தேன், துறைமுகத்துக்கு வெளியே திமிங்கலம் எடுத்தேன், வாந்தியும் எடுத்தேன். மெல்ல மெல்லக் கொழும்பிலிருந்து கூப்பிடத் தொடங்கினார்கள்.

எனக்குப் பொறுமை கிடையாது என்று வீட்டில் சொல்வார்கள். அது சுத்தப் பொய். ஒரு பறவைக்காக ஆறு மணித்தியாலம் அசையாமல் இருப்பேன். மனிதர்களுக்காகத்தான் என்னால் ஆறு நிமிடம் இருக்க முடியாது.

அந்த வருடம் கொழும்பில் ஒரு நிறுவனம், யானையும் விவசாயியும் ஒரே குளத்தை எப்படிப் பங்கு போடுகிறார்கள் என்று ஒரு படம் எடுக்க முடிவு செய்தது. முழுப் படத்துக்கும் ஒளிப்பதிவு நான். பத்து வருடமாகக் காத்திருந்த வேலை அது. அதுவரை மற்றவர்களின் படத்தில் பத்து நிமிடம், ஐந்து நிமிடம் என்று ஒட்டுப் போட்டவள். இயக்குநர் தொலைபேசியில் ஒரே ஒரு காட்சியைத்தான் திரும்பத் திரும்பக் கேட்டார். காலை வெயிலில் குளத்தைக் கடந்து காட்டுக்குத் திரும்புகிற யானைக் கூட்டம், மேலிருந்து. நடுவில் ஒரு குட்டி, தாயின் நிழலுக்குள் நடந்து போக வேண்டும். படம் அதில்தான் தொடங்குமாம்.

ட்ரோன் பறக்கவிட முறையாக அனுமதி எடுத்திருந்தேன். அனுமதிக் கடிதத்தைத் தந்த வனசீவராசி அதிகாரி அதோடு வாயாலும் ஒரு கட்டளை போட்டார்.

"நாலு பனை உயரத்துக்குக் கீழ இறக்கக் கூடாது, தங்கச்சி. அந்தச் சத்தம் அதுகளுக்குத் தேன்பூச்சி மாதிரி. குட்டியோட நிக்கிற கூட்டம் எண்டால் வெருண்டு ஓடும்."

"ஓம் சேர், எனக்குத் தெரியும்" என்றேன். தெரியும்தான்.

நான் சாமான்களை வைக்கவும் பட்டரி சார்ஜ் பண்ணவும் இடம் தந்தவர்தான் அந்த அக்கா. குளத்தை ஒட்டி அவருடைய ஒரு ஏக்கர் தோட்டம். மிளகாய், கத்தரி, கச்சான் கடலை. கணவர் காலமாகி ஆறு வருடம், பள்ளிக்கூடம் போகிற இரண்டு பெண் பிள்ளைகள். எல்லாம் தோட்டத்தில் இருந்த ஒரு கிணற்றை நம்பித்தான் ஓடியது. இரண்டு கோடையாகத் தோண்டிய அகலமான விவசாயக் கிணறு. வீட்டுப் பக்கம் சுவர் எழுப்பியாயிற்று. குளத்துப் பக்கம் கட்டு இன்னும் நிலமட்டத்திலேயே நின்றது, அதற்கு மறைப்பாக ஒரு ஓலை வேலி. அந்தப் பகுதியில் கோடைக்கும் வற்றாத கிணறு அது ஒன்றுதான் என்று அக்காவுக்குப் பெருமை என்றால் அப்படி ஒரு பெருமை.

யானையில் மட்டும் அவருக்கு மருந்துக்கும் பிரியம் இல்லை. முந்தின வருடம் சோளத்தைத் தின்றுவிட்டுப் போகிற போக்கில் சமையல் குசினிச் சுவரையும் தள்ளிவிட்டுப் போயிருந்தன. "உங்களுக்கு அது படம் தங்கச்சி. எங்களுக்கு அது சனியன்" என்று முகத்துக்கு நேரே சொன்னார். எனக்கு அவரை அந்த நிமிடமே பிடித்துப்போயிற்று.

பக்கத்துக் காணிக்காரரையும் சொல்ல வேண்டும். அறுபது வயதிருக்கும், ஒலிபெருக்கி தேவைப்படாத குரல். சட்டைப் பையில் பீடி இருக்கோ இல்லையோ, யானை வெடி இருக்கும். வேலிச் சண்டையில் அவருக்கும் அக்காவுக்கும் இரண்டு வருடமாகக் கதை பேச்சு இல்லை. அக்காவின் கோழி அந்தப் பக்கம் போனால்கூட, பிள்ளைகளை அனுப்பித்தான் பிடிப்பித்தார்.

எட்டு நாள் காத்திருந்தேன். எட்டு நாளும் ட்ரோனை நாலு பனை உயரத்தில்தான் வைத்திருந்தேன். யானைகள் நிமிர்ந்தும் பார்க்கவில்லை. ஆனால் திரையில் அவை உளுந்து கொட்டினதுபோல் தெரிந்தன. குட்டி இருக்கிறதா என்று தேட வேண்டியிருந்தது. இயக்குநர் பார்த்துவிட்டு, "நல்லாயிருக்கு, ஆனா மனசைத் தொடேல்ல" என்றார். அன்றிரவு எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சமல்ல.

ஒன்பதாம் நாள் காலை ஆறரை இருக்கும். நான் தனியாகக் குளக்கட்டில் நின்றேன். காற்று காதை அடைத்துக்கொண்டு இரைந்தது. கூட்டம் வந்தது, ஒன்பது யானைகள். குட்டி தாயின் வயிற்றுக்குக் கீழே நடந்தது. வெயில் சாய்வாக விழுந்து, தண்ணீர், தூசி, எல்லாமே பொன்னாகியிருந்தன. இப்படி ஒரு வெளிச்சம் இனி வராது என்று கை துடித்தது. ட்ரோனை மூன்று பனைக்கு இறக்கினேன். ஒன்றும் நடக்கவில்லை. இரண்டு பனைக்கு இறக்கினேன். ஒரு யானை நடையை நிறுத்திப் பிறகு நடந்தது. ஒரே ஒரு ஷொட், எடுத்துவிட்டு ஏற்றிவிடலாம் என்று ஒரு பனைக்கு இறக்கினேன்.

முன்னால் போன பெரிய பெண் யானை நின்றது. அதன் காது இரண்டும் விரிந்தன. ஐயோ, எவ்வளவு அழகு என்றுதான் நினைத்தேன். சத்தியமாக அதைத்தான் நினைத்தேன். பத்து வருடம் விலங்குகளோடு திரிந்தவளுக்கு விரிந்த காது என்றால் என்னவென்று தெரியாதா? நேரில் கண்டிருந்தால் பின்னங்கால் பிடரியில் பட ஓடியிருப்பேன். ஆனால் கையிலிருந்த சின்னத் திரையில் அது ஒரு நல்ல காட்சியாக மட்டும்தான் தெரிந்தது.

அடுத்த நொடி கூட்டம் வெருண்டு ஓடியது. காட்டுப் பக்கம் அல்ல, தோட்டங்கள் பக்கம். நான் ட்ரோனைத் திருப்பி எடுத்துக்கொண்டு கட்டிலிருந்து இறங்கி ஓடினேன். தூசி அடங்கியபோது அக்காவின் தோட்டத்திலிருந்து ஒரு சத்தம் வந்தது. யானை பிளிறுகிற சத்தம் இல்லை. குழந்தை அழுகிற மாதிரி ஒரு சத்தம்.

ஓலை வேலி பிய்ந்து கிடந்தது. குட்டி கிணற்றுக்குள் கிடந்தது.

தாய் கிணற்றைச் சுற்றிச் சுற்றி ஓடியது. தும்பிக்கையை உள்ளே நீட்டும், எட்டாது. மண்ணை வாரி எறியும். அக்கா வீட்டு வாசலில் பிள்ளைகளைப் பிடித்துக்கொண்டு நின்றார். அரை மணித்தியாலத்துக்குள் ஊரே திரண்டுவிட்டது, ஆனால் கிணற்றடிக்கு ஒருவரும் போக முடியவில்லை. யாரோ வெடி போடுவோம் என்றார். அக்கா பாய்ந்தார்.

"ஒருத்தரும் வெடி போடக் கூடாது! உள்ளுக்குக் கிடக்கிற குட்டி பயத்திலயே செத்துப் போகும்."

சனியன் என்று சொன்ன அதே வாய்தான் அது. ஆட்கள் பின்வாங்கி நின்றார்கள். வெயில் ஏற ஏற யானைக் கூட்டம் காட்டோரம் ஒதுங்கியது. தாயும் நாலடி போவதும் திரும்பிப் பார்ப்பதுமாகக் கடைசியில் மரங்களுக்குள் போய் நின்றது. அங்கிருந்து அது அசையவே இல்லை.

குட்டிக்குத் தண்ணீர் கழுத்து மட்டம். தும்பிக்கையை மட்டும் மேலே தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றது. களைத்தால் மூழ்கிவிடும். அக்கா ஓடிப்போய் நீர்ப்பம்பியை முடுக்கினார். தண்ணீர் முழுவதையும் இறைத்துத் தோட்டத்தில் விட்டார். மிளகாய்ப் பாத்தியெல்லாம் வெள்ளம். தண்ணீர் இறங்க இறங்கக் குட்டி கால் ஊன்றி நின்றது. அதன் பின்னங்காலில் பெரிய காயம், இரத்தம் வழிந்தது.

நான் என்ன செய்தேன் தெரியுமா? கமராவை எடுத்துத் தோளில் வைத்துக்கொண்டேன். அதற்குப் பின்னால் என் முகம் தெரியாது அல்லவா?

வனசீவராசி அதிகாரி வந்து சேர்ந்தார். வந்ததும் கேட்ட முதல் கேள்வி, யானை ஏன் இந்தப் பக்கம் ஓடியது என்பதுதான். அக்கா யோசிக்கவே இல்லை. பக்கத்துக் காணிக்காரரைக் கை நீட்டிக் காட்டினார். "வேற ஆர்? இந்தக் காத்தில சத்தம் கேட்டிராது, இவர்தான் விடியவெள்ளன வெடி போட்டிருப்பார். என்ர கிணத்துப் பக்கம் கலைச்சு விட்டிருப்பார்."

"நான் போடேல்ல!" என்று அவர் கத்தினார். "எங்கட குலதெய்வத்தில சத்தியம், இண்டைக்கு ஒண்டும் போடேல்ல!" போடாத வெடியைக் காட்டச் சட்டைப் பையில் கை விட்டார். பையில் மூன்று வெடி இருந்தது. அதைக் கண்டதும் யாரும் அவரை நம்பவில்லை.

அப்போது ஒருவர் என் பக்கம் திரும்பினார். "தங்கச்சி, உங்கட ட்ரோன் மேல நிண்டதுதானே? ஆர் வெடி போட்டது எண்டு அதில தெரியுமே?"

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். அந்த மனிதரும் பார்த்தார். என்னைச் சாட்சியாக நம்பி, ஆவலோடு பார்த்தார்.

"நான் கவனிக்கேல்ல" என்றேன்.

அந்த இரண்டு சொல்லை நினைத்தால் இன்றைக்கும் எனக்குக் கூசுகிறது. அப்போது என் தலைக்குள் ஓடியதெல்லாம் ஒன்றுதான். உண்மையைச் சொன்னால் அனுமதி போகும், படம் போகும், பத்து வருடம் போகும். சொல்லாவிட்டால்? ஒன்றும் போகாது. ஏற்கனவே ஊருக்குப் பிடிக்காத ஒரு மனிதருக்கு இன்னும் கொஞ்சம் கெட்ட பெயர், அவ்வளவுதான் என்று கணக்குப் போட்டேன்.

இனிக் குட்டியை எப்படி வெளியே எடுப்பது? கயிறு கட்டித் தூக்கினால் கால் முறியும். ஒரே வழி, கிணற்றின் ஒரு பக்கத்தை உடைத்து, மண்ணைச் சரித்து, அது தானாக ஏறி வருகிற மாதிரிச் சரிவு வெட்டுவது. குளத்து அணைக்கட்டு வேலைக்கு வந்திருந்த கிண்ணியாக்கார முஸ்லிம் அண்ணர், எல்லாரும் நானா என்று கூப்பிடுகிற ஒருவர், தன் பெக்கோ இயந்திரத்தோடு வந்தார். மண் வெட்டி அள்ளுகிற அந்தப் பெரிய கையை உயர்த்திவைத்துவிட்டு இறங்கிக் கிணற்றை எட்டிப் பார்த்தார். வாய்விட்டு "யா அல்லாஹ்" என்றார்.

அதிகாரி அக்காவிடம் போனார். "கிணறு போயிடும், அக்கா. கட்டு உடைஞ்சால் உள்ளுக்கு மண் சரியும். பேந்து இதைக் கிணறு எண்டு சொல்ல ஏலாது. யோசிச்சுச் சொல்லுங்கோ."

அக்கா கிணற்றை எட்டிப் பார்த்தார். பம்பி நின்றுபோயிருந்தது. குட்டியின் மூச்சு எங்களுக்குக் கேட்டது. நானா தொப்பியைக் கழற்றித் தலையைத் துடைத்துக்கொண்டிருந்தார். அக்காவின் கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்தது, ஆனால் வாயிலிருந்து வந்தது ஏச்சு.

"போன வருசம் குசினி. இந்த வருசம் கிணறு. அடுத்த வருசம் என்னைத் தூக்கிக்கொண்டு போங்கோ, சனியன்களே! என்ன பாத்துக்கொண்டு நிக்கிறியள் எல்லாரும்? இடியுங்கோ! அது ஒரு பச்சப்பிள்ளை!"

பெக்கோ முதல் கல்லைப் பெயர்த்த சத்தம் எனக்கு நெஞ்சில் விழுந்தது. ஒவ்வொரு கல்லாக இரண்டு கோடை சேர்ந்து கட்டிய கட்டு, அரை மணித்தியாலத்தில் மண்ணோடு மண்ணாயிற்று. இயந்திரம் போக முடியாத இடத்தில் ஆட்கள் மண்வெட்டியோடு இறங்கினார்கள். யார் எல்லாருக்கும் முன்னால் இறங்கினார் என்று நினைக்கிறீர்கள்? பக்கத்துக் காணிக்காரர். அறுபது வயதில் சேற்றுக்குள் முழங்கால் புதைய நின்று வெட்டினார். யாரும் அவரோடு பேசவில்லை. அவரும் யாரோடும் பேசவில்லை. என் கமராவில் அது முழுக்க இருக்கிறது.

பின்னேரம் இரண்டு மணியளவில் சரிவு தயாரானது. குட்டி ஏறும், சறுக்கும், விழும். மூன்றாம் தடவை நானா இயந்திரத்தின் கையை அதன் பின்புறத்தில் வைத்து, தொட்டிலை ஆட்டுகிற பதத்தில் மெல்லத் தள்ளினார். இப்படி ஒரு இரும்புக்கு இவ்வளவு பக்குவம் இருக்கும் என்று நான் நினைத்ததில்லை. குட்டி ஒரு முக்கு முக்கி மேலே வந்தது. வந்ததும் தாயிடம் போகத் தெரியாமல், ஆட்கள் கூட்டத்தைப் பார்த்து ஓடி வந்தது. பெரிய பெரிய ஆம்பிளைகள் எல்லாம் சாரத்தைத் தூக்கிக்கொண்டு நாலா பக்கமும் ஓடினார்கள். குட்டி மிளகாய்ப் பாத்தியை மிதித்து ஒரு வட்டம் அடித்தது. காட்டோரத்திலிருந்து தாய் அடித்தொண்டையில் ஒரு குரல் கொடுத்தது. குட்டி நின்று கேட்டது. பிறகு நொண்டி நொண்டி அந்தப் பக்கம் ஓடியது. மரங்களுக்குள் தும்பிக்கைகள் நீண்டு அதைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தன. ஊரே கை தட்டியது. நானா "அல்ஹம்துலில்லாஹ்" என்று அழுதேவிட்டார். நானும் அழுதேன்.

எங்கள் பக்கத்தில், ஒரு வீட்டு வளவில் ஊர் சேர்ந்து வேலை செய்தால், முடிந்ததும் அந்த வீட்டுக்காரர் தன் கையால் எல்லாருக்கும் தேத்தண்ணி கொடுப்பார். கிணறு போனாலும் அக்கா அதை விடவில்லை. பெரிய பானையில் பிளேன்டீ ஊற்றிப் பிள்ளைகளிடம் தட்டத்தைக் கொடுத்து, ஒவ்வொருவராகத் தானே எடுத்துக் கொடுத்துக்கொண்டு வந்தார். முதல் கோப்பை எனக்கு. "காலையில இருந்து நிண்டபடி நிக்குது இந்தப் பிள்ளை. குடி, மகள். நீ எடுத்தபடியாத்தான் எங்கட பாடு நாலு பேருக்குத் தெரியப்போகுது" என்றார். பிறகு நானாவுக்கு, அதிகாரிக்கு, மற்றவர்களுக்கு.

பக்கத்துக் காணிக்காரர் வேலியோரம் மண்வெட்டியைக் கழுவிக்கொண்டு நின்றார். தலைமயிர் வரைக்கும் சேறு. அக்கா அவருக்கு முன்னால் வந்ததும் தட்டத்தை இந்தப் பக்கம் திருப்பி, அடுத்தவருக்குக் கொடுத்துவிட்டுத் தாண்டிப் போனார். அவர் கழுவின மண்வெட்டியையே மறுபடி கழுவினார்.

அதைக் கண்ட பிறகு என்னால் முடியவில்லை. அத்தனை பேருக்கு முன்னால், அந்த வயதில், ஒரு கோப்பை தேத்தண்ணி கிடைக்காமல் அவர் நின்ற நிலை. அது நான் நிறுத்தி வைத்த நிலை.

"அக்கா, வெடி ஒருத்தரும் போடேல்ல" என்றேன். "என்ர ட்ரோன்தான். நான்தான் கீழ இறக்கினனான்."

யாருக்கும் முதலில் விளங்கவில்லை. பையிலிருந்து ட்ரோனின் திரையை எடுத்துக் காலையில் எடுத்ததை ஓடவிட்டேன். அக்கா குனிந்து பார்த்தார். பொன் வெளிச்சம், கூட்டம், தாயின் நிழலில் குட்டி. விரிந்த காது. ஓட்டம். ஒரு தடவை பார்த்துவிட்டு, "திருப்பிப் போடு" என்றார். திருப்பிப் போட்டேன். அதிகாரி தலையில் கை வைத்துக்கொண்டு, "நாலு பனை எண்டு சொன்னனே, தங்கச்சி" என்றார்.

அக்கா என்னை அடிப்பார் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும். அவர் என் கையிலிருந்த கோப்பையை வாங்கினார். நான் இன்னும் ஒரு வாய்கூடக் குடித்திருக்கவில்லை. அதைக் கொண்டுபோய் வேலியோரம் நின்ற மனிதரிடம் இரண்டு கையாலும் நீட்டினார். "குடியுங்கோ அண்ணை" என்றார். இரண்டு வருடத்துக்குப் பிறகு அவர்களுக்குள் பேசிய முதல் வார்த்தை அது. அவர் வாங்கி, ஒரே மடக்கில் குடித்துவிட்டு, வெறுங்கோப்பையைத் திருப்பிக் கொடுத்தார்.

பிறகு அக்கா என்னிடம் திரும்பி வந்தார். "நாளைக்கு வா. உந்தக் கமராவைக் கொண்டு வராதே. மண்வெட்டியோட வா."

போனேன். பதினொரு நாள் போனேன். அணைக்கட்டு வேலை முடிந்த பின்னேரங்களில் நானா பெக்கோவோடு வந்து சரிந்த மண்ணை அள்ளினார். ஊர் ஆட்கள் முறை வைத்து வந்தார்கள். ட்ரோனை விற்றுச் சீமெந்தும் கல்லும் இறக்கினேன். கல் கட்டியது யார்? பக்கத்துக் காணிக்காரர்தான். இளமையில் மேசன் வேலை செய்தவராம், அவர் சொல்லித்தான் தெரியும். நான் கல் தூக்கிக் கொடுக்க, அவர் "மாறிப் பிடிச்சிருக்கிறாய்", "கண்ணைத் திற" என்று பதினொரு நாளும் என்னை ஒலிபெருக்கிக் குரலில் வறுத்தெடுத்தார். ஒரு நாளாவது யானைக் கதையை எடுக்கவில்லை. என் கையில் கொப்புளம் வெடித்து, கமராவின் பட்டனை அழுத்தவே வலித்தது. அக்கா மஞ்சள் அரைத்துப் பூசிவிட்டு, "ட்ரோன் விட்ட கை எண்டால் இப்பிடித்தான்" என்று சிரித்தார். கடைசி நாள் புதுச் சுவர் சுற்றிவர நெஞ்சு உயரத்துக்கு எழும்பி நின்றது. ஊற்றுக்கு ஒன்றும் ஆகவில்லை. சுவர் முடிந்த மூன்றாம் நாளே கிணறு பாதிக்கு ஊறியது.

அதிகாரி அறிக்கை எழுதினார், எழுத வேண்டியதுதான். ஒரு வருடத்துக்கு எனக்கு ட்ரோன் அனுமதி இல்லை என்று கடிதம் வந்தது. இயக்குநருக்குத் தொலைபேசியில் எல்லாவற்றையும் சொன்னேன். அவர், குட்டியை மீட்ட காட்சி தங்கம், அதைப் போடுவோம், ஏன் விழுந்தது என்பதை ஏன் சொல்ல வேண்டும் என்று கேட்டார். எனக்கு வந்ததே கோபம். போடுவதென்றால் என் குரலில் காரணத்தோடு போடுங்கள், இல்லையென்றால் அந்தப் பதிவு என் வீட்டு அலுமாரிக்குள்ளேயே கிடக்கட்டும் என்று சொல்லிப் போனை வைத்துவிட்டேன். பத்து வருடக் கனவை என் வாயாலேயே தொலைத்துவிட்டேன் என்று அன்றிரவு தூக்கம் வரவில்லை. மூன்று கிழமை கழித்து அவரே எடுத்தார். "உங்கட குரலிலேயே போடுவம்" என்றார்.

அடுத்த வருடம் அதே குளக்கட்டில் நீளமான லென்ஸோடு குந்தியிருந்தபோது, பின்னங்காலில் தழும்போடு ஒரு குட்டியைக் கண்டேன். நன்றாக வளர்ந்திருந்தது. எவ்வளவோ தூரத்திலிருந்துதான் எடுத்தேன். காற்றில் கை ஆடியதால் காட்சி அவ்வளவு திருத்தமாக வரவில்லை. எனக்கு அது போதும்.

படம் முடிந்ததும் முதலில் அந்த ஊர்ப் பள்ளிக்கூட மண்டபத்தில்தான் போட்டுக் காட்டினோம். பிளாஸ்டிக் கதிரைகள் நிரம்பி, ஆட்கள் யன்னலிலும் தொங்கினார்கள். முன்வரிசையில் அக்காவும் பிள்ளைகளும். அவர்களுக்குப் பக்கத்திலேயே, வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு காணிக்காரர். திரையில் குட்டி விழுந்தது, என் குரல் வந்தது. "அன்று காலை யாரும் வெடி போடவில்லை. என் ட்ரோனுக்குப் பயந்துதான் யானைகள் ஓடின. அதை நான் உடனே சொல்லவில்லை. என் பிழைக்கு இன்னொருவர் பழி சுமந்தார்."

அந்த வசனம் முடிந்ததும் முன்வரிசையில் ஒரு கதிரை சத்தம் போட்டது. அவர் எழும்பி, திரைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, மண்டபம் முழுவதையும் பார்த்துத் திரும்பி நின்றார்.

"கேட்டனீங்களோ எல்லாரும்? நான் வெடி போடேல்ல!"

மண்டபம் அதிர்ந்தது. சிரிப்பும் கைதட்டலும் அடங்க எவ்வளவு நேரம் ஆனது என்று தெரியாது. அக்கா அவருடைய சால்வையைப் பிடித்து இழுத்து, "விளங்கீற்று அண்ணை, இருங்கோ, படம் மறைக்குது" என்றார். அவர் இருந்தார். இருந்த பிறகும் தலை மட்டும் நிமிர்ந்தபடியே இருந்தது. பின்னாலிருந்த நான் அதைப் படம் முடியும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன்.

அதற்குப் பிறகு எத்தனையோ காட்டுக்கும் கடலுக்கும் போய்விட்டேன். இன்றைக்கும் நல்ல வெளிச்சத்தில் ஒரு காட்சியைக் கண்டால் கை துடிக்கத்தான் செய்கிறது. ஆனால் இப்போது பட்டனை அழுத்துவதற்கு முன், இந்த அழகான படத்துக்காக யார் பயந்துகொண்டு நிற்கிறார்கள் என்று ஒரு தடவை கண்ணை எடுத்து நேரில் பார்த்துவிடுகிறேன். பத்து வருடம் கமரா எனக்குக் கற்றுத்தராத அந்தப் பழக்கத்தை, சேறு வழிய வழிய வேலியோரம் நின்ற ஒரு மனிதர் ஒரே பின்னேரத்தில் தந்துவிட்டுப் போனார்.